முதல் கிண்ணம் கண்டெடுத்தவருக்கு

உலகத்தில் மன்னிக்கவே கூடாத குற்றம் ஒன்றே ஒன்றுதான்: ஒன்றை இன்னொன்றாகப் பார்ப்பது. கொலை, களவு, பொய்ச்சாட்சி எல்லாம் அதற்குப் பின்னால் வரிசையில் நிற்க வேண்டியவை. இதை முதலில் பதிவு செய்துகொள்ளுங்கள். மீதி தானாக விளங்கிவிடும்.

என் சட்டைப் பொத்தான்கள் ஓட்டை மாறிப் பூட்டியிருக்கின்றன என்கிறீர்கள். ஆமாம். ஆஸ்பத்திரியிலிருந்து நேராக இங்கே வந்தேன், அவசரத்தில் மாட்டியது. சரிசெய்துகொள்கிறேன்.

என் பெயர் மெர்ல் பிக்கெல். உயர்நிலைப் பள்ளியில் பிள்ளைகளுக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுத்து ஓய்வு பெற்றவன். நீங்கள் போலீசுக்கு வருமுன் உங்களுக்கேகூட நான் கற்றுக்கொடுத்திருக்கலாம், கச்மார் அம்மா. இந்தப் பக்கத்தில் கண்ணாடியைப் பார்த்துவிட்டுத் திரும்புகிற யாராக இருந்தாலும் அது என் வளர்ப்பு. மற்றபடி எங்கள் மாவட்டக் காட்டுணவுக் கழகத்தில் ஹெம்லாக் பற்றிப் பேச வேண்டுமென்றால் என்னைத்தான் கூப்பிடுவார்கள். கூப்பிடாவிட்டாலும் பேசுவேன்.

எங்கள் கழகத் தலைவர் கிளேட்டன் ரூல் சனிக்கிழமை ஆம்புலன்ஸில் போகும்போது இறந்துபோனார். நான் சமைத்த சூப்பைக் குடித்துத்தான் இறந்தார். இதுவரை உங்களுக்கும் எனக்கும் தகராறு இல்லை. தகராறு ஒரு சொல்லில். நீங்கள் ‘தவறு’ என்று முடிக்கப் பார்க்கிறீர்கள். காட்டுக் காரட் என்று நினைத்து நச்சு ஹெம்லாக்கைப் பிடுங்கிவிட்டார், வயதான மனிதர், பாவம், வீட்டுக்குப் போய்ப் படுக்கட்டும் என்கிறீர்கள். நான் படுக்க வரவில்லை. நீங்கள் ‘கொலை’ என்று சொல்லும்வரை இந்த நாற்காலியைவிட்டு எழுந்திருப்பதாக இல்லை. நாற்காலியின் ஒரு கால் குட்டை. பரவாயில்லை.

முதலில் பாடம். உங்களுக்கு வேலை கிடக்கும், தெரியும். ஆனால் ஹெம்லாக்கைத் தெரிந்துகொள்ளாமல் என்னைக் கைது செய்வது முறையல்ல.

நம் காட்டில் ஹெம்லாக் என்று இரண்டு உண்டு. ஒன்று மரம். நம் மாநிலத்தின் மரமே அதுதான். ஊசி குட்டை, தட்டை. கிளையைத் திருப்பிப் பார்த்தால் ஒவ்வொரு ஊசிக்கும் அடியில் இரண்டு வெள்ளைக் கோடுகள். காய் கட்டைவிரல் நகத்தளவு. எவ்வளவு உயரம் போனாலும் உச்சிக் கொம்பு தலைகுனிந்தே இருக்கும். இந்தக் குணத்தை எங்கள் கழகத்தில் வேறு யாரிடமும் நான் கண்டதில்லை. அந்த மரத்தில் விஷம் கிடையாது. இளந்தளிரைக் கொதிக்கவைத்தால் எலுமிச்சைத் தோல்போல ஒரு டீ கிடைக்கும்.

மற்றது செடி. தோட்டத்துக்கு அழகென்று கடல் கடந்து யாரோ கொண்டுவந்தது. இன்று ஓடைக்கரையெல்லாம் அதுதான். பழங்காலத்தில் கிரேக்கர்கள் தங்கள் ஞானி ஒருவரை வழியனுப்பியது அதைக் கொடுத்துத்தான். மரத்துக்கும் செடிக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. இரண்டையும் கசக்கினால் ஒரே வாடை என்று எந்தக் காலத்திலோ யாருக்கோ தோன்றி, ஒரே பெயரை வைத்துவிட்டுப் போய்விட்டார்கள். முதல் குற்றவாளி அந்த ஆள்தான். அவரை யாரும் விசாரித்ததாகத் தெரியவில்லை.

இந்தச் செடிக்கு ஒரு சாது இரட்டை இருக்கிறது. காட்டுக் காரட். பூ வருவதற்கு முன்னால், வசந்தத்தில், இரண்டும் தரையோடு தரையாக இலை விரித்துக் கிடக்கும்போது தாயே குழம்பிவிடுவாள். நான் குழம்பமாட்டேன். காரட்டின் காம்பில் ரோமம் இருக்கும். ஹெம்லாக்கின் காம்பு மொழுமொழுவென்று, ஊதாப் புள்ளி தெளித்ததுபோல இருக்கும். கசக்கினால் எலிப்பொந்து வாடை. என் வனநடையில் இதைச் சொல்லி முடித்துவிட்டு, கொஞ்சம் இடைவெளி விட்டு, “ரோமம் இருந்தால் சாப்பாடு, இல்லாவிட்டால் சவப்பெட்டி” என்பேன். அந்த இடைவெளியை நான் வீட்டில் ஒத்திகை பார்ப்பதுண்டு. இந்த வாசகத்தைக் கழகத்தின் பனியன் முதுகில் அச்சடிக்கலாம் என்று பலமுறை முன்மொழிந்தேன். “சாப்பிட வர்ற கூட்டத்துக்கு எதுக்கு மெர்ல் சவப்பெட்டி?” என்று கிளேட்டன் தள்ளிவிட்டார். இதை நோக்கம் என்று எழுதிக்கொள்ளலாம். சின்ன நோக்கம்.

பெரிய நோக்கத்துக்கு வருகிறேன். அதற்கு எங்கள் வழக்கம் ஒன்று தெரிய வேண்டும்.

காட்டிலிருந்து கொண்டுவந்து சமைத்தது எதுவானாலும், கண்டெடுத்தவர் முதல் கிண்ணம் குடிக்க வேண்டும். அடுத்தது தலைவர். மற்றவர்கள் அதுவரை பானையை அண்டக்கூடாது. எங்கள் உறுப்பினர் ஆர்லீன் ஷூயி சுட்டுக் கொண்டுவருகிற, ‘பை’ என்கிற வெல்லப்பாகுப் பலகாரத்தையும், பீட்ரூட் சாற்றில் ஊறின முட்டையையும் சாப்பிட்டுக்கொண்டு எங்கள் இருவரையும் பார்த்துக்கொண்டிருப்பார்கள். பை தீரும்போது நாங்கள் இருவரும் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தால் பிறகு பானைக்கு வருவார்கள். உள்ளதைச் சொன்னால் பாதிப் பேர் பை தீர்ந்ததுமே காரை எடுத்துவிடுவார்கள். காட்டுணவுக் கழகம் பெரும்பாலும் ஆர்லீனின் அடுப்பால்தான் நடந்துகொண்டிருந்தது. ஆனால் வழக்கம் வழக்கம்தான். அந்தப் பானைக்கும் சாவுக்கும் நடுவே எங்கள் இருவர் வாய்தான் காவல்.

போன ஜூன் மாதம் என் ஹெம்லாக் நடை. மரத்தைக் காட்டினேன், செடியைக் காட்டினேன், இடைவெளி விட்டேன், எல்லாம் முறைப்படி. முடிவில் என் கெட்டிலிலிருந்து மரத்தளிர் டீ ஊற்றி, கண்டெடுத்தவன் என்ற முறையில் கோப்பையை உதட்டுக்குக் கொண்டுபோனேன். கிளேட்டன் கெட்டிலுக்குள் கரண்டியை விட்டு ஒரு கொத்தை வெளியே எடுத்துத் திருப்பிப் பார்த்தார்.

“மெர்ல், கோப்பைய கீழ வை. இதை எங்க பறிச்ச?”

“மலைமேல. பழைய லாட்ஜ் பக்கம்.”

“லாட்ஜ் பக்கம்னா, லாட்ஜோட வேலியிலயா?”

“வேலின்னு சொல்ல முடியாது. வரிசையா இருந்துச்சு.”

“வரிசையா, சதுரமா வெட்டி வச்சிருந்துச்சா?”

காட்டு மரங்கள் தம்மைத் தாமே சதுரமாக வெட்டிக்கொள்வதில்லை என்பது எனக்குத் தெரியாததல்ல.

“இது யூ மரம்ப்பா, விஷம். அடியில வெள்ளைக் கோடு எங்க? இதைக் குடிச்சிருந்தா புதன்கிழமை உன் சாவு வீட்டுக்கு நாங்க எல்லாம் பன்றிக்கறி ரொட்டி சுட்டு எடுத்துட்டு வந்திருக்கணும்.”

“எங்க வீட்ல அடுப்பு ரிப்பேரு,” என்றார் ஆர்லீன். “அடுத்த மாசம் செத்துக்கோ மெர்ல்.”

சிரித்தார்கள். அன்றைக்கு நான் சொன்னேன், இது அவர்களுக்கு வைத்த சோதனை, யாராவது கண்டுபிடிக்கிறார்களா பார்க்கலாம் என்றுதான் கலந்தேன் என்று. இன்னும் பலமாகச் சிரித்தார்கள். அதன்பிறகு நான் ஃபிளாஸ்கைத் திறந்தாலே “எல்லாரும் உயில் எழுதியாச்சா?” என்று யாராவது கேட்பார்கள். கிறிஸ்துமஸ் விருந்தில் எனக்கு வந்த பொட்டலத்தைப் பிரித்தால் கடையில் விற்கிற தேயிலைப் பை. மேலே மண்டையோட்டுப் படம், அதற்குச் சிவப்பு ரிப்பன். கிளேட்டனும் சிரித்தார். அவர் சிரிப்பு சின்னதுதான். ஆனால் எல்லோருடைய சிரிப்பும் அவருடைய கரண்டியிலிருந்து தொடங்கியது.

அவர் அன்று என் உயிரைக் காப்பாற்றினார் என்கிறீர்கள். அதைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறேன். ஒரு மனிதனைப் பலர் முன்னிலையில் காப்பாற்றுவது லேசான காரியமல்ல. அதற்கப்புறம் அந்த மனிதன் எங்கே போய் நிற்பான்?

ஆகவே குளிர்காலம் முழுவதும் திட்டம் தீட்டினேன். என்ன திட்டம் என்று கேட்கிறீர்கள். வசந்த விருந்தில் காட்டுக் காரட் சூப் என்று சொல்லி ஹெம்லாக் சூப் வைப்பது. அவ்வளவுதான். நல்ல திட்டங்கள் சுருக்கமாகத்தான் இருக்கும். யாரிடமாவது சொன்னீர்களா, எதையாவது வாங்கினீர்களா என்றால், இல்லை. ஒரு தடயமும் இல்லை. நீங்கள் அதை எனக்கு எதிராக வைக்கிறீர்கள். நான் அதைத் திறமை என்று வைக்கிறேன்.

வெள்ளிக்கிழமை மதியம் ஓடைக்கரைப் புல்வெளிக்குப் போனேன். அங்கே இரண்டு செடிகளும் பக்கத்துப் பக்கத்தில் கிடக்கின்றன. வேண்டியதைப் பிடுங்கிக் கூடையில் போட்டேன். கண்ணாடி போட்டிருந்தீர்களா என்று கேட்கிறீர்கள். சட்டைப் பையில் இருந்தது. கூட ஆர்லீனின் தங்கை வந்திருந்தார், கீரை பறிக்க. கிட்டத்தில் பார்க்கக் கண்ணாடி போட்டுக்கொண்டு மண்ணில் முகத்தை வைத்துப் பார்க்கிற ஆள் நானல்ல. பியானோ வாசிக்கிறவர் கட்டையை உற்றுப் பார்த்தா வாசிக்கிறார்? விரல் சொல்லும். அன்றைக்குக் கையுறை போட்டிருந்தேன் என்பது வேறு விஷயம்.

சனிக்கிழமை, ஓடையோரக் கொட்டகை. வெயில் நன்றாக இருந்தது. கிளேட்டன் கண்ணில் புரை எடுத்துக்கொண்டு அந்த வாரம்தான் வந்திருந்தார். முகத்தில் பாதியை மறைக்கிற கறுப்புக் கண்ணாடி. வழக்கப்படி ஒரு முழுச் செடியை வேரோடு தட்டில் வைத்து அவர்முன் நீட்டினேன். அவர் அதை மூக்குக்குக் கிட்டே கொண்டுபோனார், தூரக் கொண்டுபோனார், பிறகு சிரித்தார்.

“எனக்கு இது கீரையா கிளியான்னே தெரியல. உன்னையே கேக்கறேன் மெர்ல். காம்புல ரோமம் இருக்கா?”

“இருக்கு.”

“மோந்து பாத்தியா?”

“காரட் வாசனைதான்.”

மே மாதத்தில் மகரந்தம் பறக்கும்போது என் மூக்கு முகத்தில் அழகுக்காக மட்டுமே இருக்கிறது. அதை அவரிடம் சொல்ல வேண்டிய அவசியம் இல்லை. கொலைகாரன் எதற்குச் சொல்லப்போகிறான்?

“இன்னொருத்தர் பாக்கட்டுமே கிளேட்டன்,” என்றார் ஆர்லீன். “எங்கிட்ட குடு. போன வருஷம் சதுர மரத்துல டீ போட்ட ஆளு இவரு.”

சிரிப்பு கிளம்பியது. கிளேட்டன் கையை உயர்த்தினார்.

“போதும் ஆர்லீன். அந்தாள ஒரு வருஷமா படுத்தி எடுத்துட்டோம். நானுந்தான். நாப்பது வருஷமா பழகின மனுஷன். அவன் பாத்துட்டான்னா பாத்ததுதான்.” அப்புறம் என் பக்கம் முகத்தைத் திருப்பினார், கறுப்புக் கண்ணாடிக்குப் பின்னால் கண் எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை. “ஊத்துப்பா. உனக்கு அப்புறம் நான்.”

சுத்தமாக இருந்த கிண்ணத்தை இன்னொருமுறை துடைத்து ஆர்லீனிடம் நீட்டினேன். கொலைகாரர்கள் கடைசி நிமிஷத்தில் அப்படிச் செய்வார்கள் என்று எங்கோ படித்திருக்கிறேன்.

ஆர்லீன் கரண்டியை எடுத்து எனக்கு முதல் கிண்ணம் ஊற்றினார். உதட்டில் தொட்டுக்கொண்டேன், அவ்வளவுதான். இதைக் கவனமாகப் பதிவு செய்யுங்கள், நிறைய விஷயம் இதைப் பொறுத்திருக்கிறது. அடுத்த கிண்ணம் கிளேட்டனுக்கு. அவர் எதையும் மிச்சம் வைக்காத மனிதர். சின்ன வயதில் வீட்டில் அப்படி வளர்த்திருந்தார்கள். ரொட்டியால் கிண்ணத்தைத் துடைத்துவிட்டு, “உப்பு கொஞ்சம் கம்மி. ஆனா இது சூப்பு மெர்ல்,” என்றார். இரண்டு பேர் கைதட்டினார்கள். அந்தக் கழகத்தில் எனக்குக் கிடைத்த கைதட்டல் அது ஒன்றுதான்.

மற்றவர்கள் பை சாப்பிடப் போனார்கள். வெயிலும் நிழலுமாக உட்கார்ந்திருந்தோம். கிளேட்டன் என்னிடம் அடுத்த வருஷப் பனியனைப் பற்றிப் பேசினார். முதுகில் என் வாசகத்தைப் போடலாம், சவப்பெட்டியை மட்டும் மாற்றினால் போதும், ‘ரோமம் இருந்தால் விருந்து’ என்று வைத்துக்கொள்ளலாமே என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். பிறகு அவர் தன் தொடையைத் தட்டினார்.

“கால் மரத்துப்போச்சு. இந்த பெஞ்சு.”

“உனக்கு எப்பவுமே பெஞ்சு மேலதான் பழி,” என்றார் ஆர்லீன், பை வெட்டிக்கொண்டே. “எந்திரிச்சு ரெண்டு நடை நட.”

எழுந்திருக்கப் பார்த்தார். மேஜையைப் பிடித்துக்கொண்டு பாதி எழுந்து, திரும்ப உட்கார்ந்துவிட்டார். யாருக்கும் அது பெரிதாகப் படவில்லை. வயதானவர்கள் கூட்டத்தில் யாராவது பாதி எழுந்து உட்கார்ந்தபடிதான் இருப்பார்கள்.

நான் எழுந்து ஓடைப் பக்கம் போனேன். அங்கே ஒரு வாளியில் நான் நறுக்கிப் போட்ட இலையும் காம்பும் கிடந்தன. சட்டைப் பையிலிருந்து கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டேன். ஏன் அப்போது என்று கேட்கிறீர்கள். கைவேலையை ஒருமுறை ரசிக்க. ஒரு காம்பை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தேன். மொழுமொழுவென்று இருந்தது, குழந்தையின் கைபோல. அடியிலிருந்து மேல்வரை ஊதாப் புள்ளிகள். இத்தனை வருஷம் நடைகளில் காட்டியதிலேயே இவ்வளவு தெளிவான மாதிரி எனக்குக் கிடைத்ததில்லை. இன்னொன்றை எடுத்தேன். அதுவும். வாளியைக் கிளறினேன். எல்லாம்.

வாளியை ஓடையில் கவிழ்த்தேன். தட்டில் இருந்த முழுச் செடியையும் யாரும் பார்க்காதபோது எடுத்துவந்து நீரில் விட்டேன். நம் ஓடை வசந்தத்தில் வேகமாகப் போகும். தடயத்தை அழிப்பது கொலைகாரன் செய்வதல்லாமல் வேறென்ன? தவறு செய்தவன் கத்திக்கொண்டல்லவா ஓடுவான், “எல்லாரும் கையை எடுங்க, பானையைத் தொடாதீங்க” என்று? நான் கத்தவில்லை. பானையைக்கூட, வழியில் தடுக்கியதுபோலச் சாய்த்துத் தரையில் கொட்டினேன், ஒரு சத்தமும் இல்லாமல். “அட, கை தவறிடுச்சு” என்றேன். கை தவறியதாகச் சொல்வதில் எனக்குக் கூச்சமில்லை. கைக்கும் கண்ணுக்கும் வித்தியாசம் உண்டு.

திரும்பி வந்தபோது கிளேட்டனின் பேச்சு குழறத் தொடங்கியிருந்தது. ஆர்லீன் பை வெட்டின கத்தியைப் போட்டுவிட்டு அவர் முன்னால் மண்டியிட்டிருந்தார். காதில் போன். ஆம்புலன்ஸ்காரர்கள் அந்தப் பக்கத்திலிருந்து கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

“என்ன சாப்டாருன்னு கேக்கறாங்க. மெர்ல், என்னைப் பாரு. அது காரட்தானா?”

“காரட்தான்.”

“செடி எங்க? தட்டுல இருந்துச்சே?”

“எனக்கென்ன தெரியும்? காத்துல போயிருக்கும்.”

“மெர்ல், கடைசியா கேக்கறேன். விளையாடாத. தப்பா இருந்தாலும் பரவால்ல, யாரும் ஒண்ணும் சொல்லமாட்டோம். சத்தியமா யாரும் சிரிக்கமாட்டோம். சொல்லு.”

யாரும் சிரிக்கமாட்டோம் என்று அவர் சொல்லியிருக்க வேண்டாம்.

“ரோமம் இருந்துச்சு ஆர்லீன். நான் பாத்தேன். இது நெஞ்சு சம்பந்தப்பட்டது, அப்படியே சொல்லு.”

கிளேட்டன் அப்போது கையை அசைத்தார். நாக்கு ஒத்துழைக்காமல், ஒவ்வொரு சொல்லாகத் தள்ளி வெளியே விட்டார்.

“அவன் பாத்துட்டான்... ஆர்லீன். விடு.”

ஆர்லீன் போனில் ‘நெஞ்சு’ என்று சொன்னார்.

இந்த இடத்தில் நீங்கள் பேனாவைக் கீழே வைத்துவிட்டீர்கள், கச்மார் அம்மா. எனக்குத் தண்ணீர் வேண்டுமா என்றும் கேட்கவில்லை. இதற்கு முன் அடிக்கடி கேட்டுக்கொண்டிருந்தீர்கள்.

நீங்கள் கேட்பது புரிகிறது. ஹெம்லாக் என்று அந்த நிமிஷம் தெரிந்திருந்தால் மூச்சுக்குக் குழாய் போட்டுக்கொண்டே கொண்டுபோயிருப்பார்கள், விஷம் தானாக வடியும்வரை இயந்திரம் அவருக்காக மூச்சு விட்டிருக்கும், பிழைத்திருக்க நல்ல வாய்ப்பு இருந்தது என்று டாக்டர் சொல்கிறார். இருக்கலாம். “அப்பவாவது ஏன் மிஸ்டர் பிக்கெல் வாயத் தொறக்கல?” என்று நீங்கள் கேட்ட குரலில் இதுவரை இல்லாத ஒன்று இருந்தது.

அப்போது சொல்லியிருந்தால் அது தவறு என்று ஆகியிருக்கும்.

இதைத்தான் நான் காலையிலிருந்து விளக்கப் பார்க்கிறேன். அந்த நிமிஷம் வாயைத் திறந்திருந்தால் கிளேட்டன் பிழைத்திருப்பார், நான் என்றென்றைக்கும் காம்பைச் சரியாகப் பார்க்கத் தெரியாதவனாக இருந்திருப்பேன். அவர் இன்னும் இருபது கிறிஸ்துமஸுக்கு வருவார். பொட்டலம் வரும். மனிதர்கள் என்னை மன்னிப்பார்கள். அவர் முதலில் மன்னிப்பார், எல்லோர் முன்னிலையிலும், கையை உயர்த்தி.

நீங்கள் இப்போது வேறொரு பேரத்துக்கு வருகிறீர்கள். பறித்தது தவறு, ஆனால் தெரிந்தபின் மறைத்தது குற்றம், அதற்கு வேண்டுமானால் வழக்குப் போடுகிறேன் என்கிறீர்கள். அதுவும் லேசான வழக்கல்ல என்கிறீர்கள். நன்றி, வேண்டாம். அதில் ‘பறித்தது தவறு’ என்று முதல் வரியிலேயே வருகிறது. எனக்கு முழுசாக வேண்டும்: தெரிந்தே பிடுங்கினான், தெரிந்தே நறுக்கினான், தெரிந்தே சமைத்தான். மெர்ல் பிக்கெலுக்கு ஹெம்லாக் தெரியும் என்று நீதிமன்றத்தில் ஒருவர் எழுந்து உரக்கப் படிக்க வேண்டும். கழகத்தில் எல்லோரும் வந்து கேட்பார்கள். ஆர்லீன் பை கொண்டுவருவார் என்று நினைக்கவில்லை, இருந்தாலும் வருவார்கள்.

அப்படியானால் ஆஸ்பத்திரியில் என்னை ஏன் சேர்த்தார்கள் என்பது உங்கள் அடுத்த கேள்வி. எதிர்பார்த்ததுதான். அதிர்ச்சி. நண்பன் போய்ச் சேர்ந்ததில் கால் கொஞ்சம் தள்ளாடியது. அவர்களாகவே பிடித்துக் கட்டிலில் போட்டுவிட்டார்கள்.

ஆர்லீன் என்னைப் பார்த்ததாகச் சொல்லியிருக்கிறார். ஓடைக்கும் கொட்டகைக்கும் நடுவே ஒரு பெரிய மரம் நிற்கிறது, அதன் பின்னால், ஆம்புலன்ஸுக்குப் போன் போடுவதற்கு முன்னால், நான் தொண்டைக்குள் விரலை விட்டுக் குனிந்துகொண்டிருந்தேனாம். இருந்தேன். வாளியைக் கவிழ்த்த கையோடு அங்கே போனேன். முன்னெச்சரிக்கை. ஒரு கையால் கிளையைப் பிடித்துக்கொண்டேன். கண்ணாடி போட்டிருந்ததால் ஊசிகளின் அடியில் அந்த இரண்டு வெள்ளைக் கோடுகள் மிகத் தெளிவாகத் தெரிந்தன. சந்தேகத்துக்கு இடமில்லாமல் ஹெம்லாக் மரம். அதைச் சரியாகப் பார்த்தேன். பிறகு வாயைத் துடைத்துக்கொண்டு கிளேட்டனிடம் திரும்பினேன். அவருக்கும் விரலை விடச் சொல்லியிருக்கலாம் என்கிறீர்கள். காரணம் கேட்டிருப்பார்களே.

“உதட்டுல பட்டதுக்கா அவ்வளவு வாந்தி?” என்கிறீர்கள்.

உதடு என்றால் கொஞ்சம் உள்ளேயும் போயிருக்கும். முதல் கிண்ணம் குடிப்பது வழக்கம். எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள், விஷம் என்று தெரிந்தும் நெஞ்சுரத்தோடு விழுங்கினேன். அப்படியும் எழுதிக்கொள்ளலாம். முதல் கிண்ணத்துக்கு என்னால் பதில் சொல்ல முடியும்.

ஆர்லீன் சொன்ன இன்னொன்றையும் நீங்கள் இப்போது படித்துக் காட்டினீர்கள். கரண்டி அவர் கையில்தான் இருந்தது, அதனால் மறுப்பதற்கில்லை.

என்னுடைய இரண்டாவது கிண்ணம் நானே கேட்டு வாங்கிக் குடித்தது.